பெரிக்ரின்: ‘பரதேசி’ என்று பொருள் தரும் ஓர் ஆங்கிலப் பெயர்

பாளையங்கோட்டையிலிருந்து ஓர் அம்மா கேட்டிருக்கிறார். மகள் இங்கிலாந்தில் நாரிச் நகரில் இருக்கிறாள். மருமகன் அந்த ஊர்க்காரர். பிறக்கப்போவது ஆண் குழந்தை என்று தெரிந்துவிட்டது. ‘பெரிக்ரின்’ என்று பெயர் வைக்க இருவரும் ஆசைப்படுகிறார்கள். அந்தப் பெயருக்கு என்ன பொருள்? பிரபு வீட்டார் மட்டுமே வைத்துக்கொள்ளும் பெயர் என்று உறவினர் ஒருவர் சொல்கிறாரே, உண்மையா? பேரனை நாங்கள் என்னவென்று கூப்பிடுவது?

அம்மா, பொருளை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், மனம் கலங்காதீர்கள். அந்தப் பெயருக்குப் பரதேசி என்று பொருள்.

இன்று தெருவில் ஒருவரைப் பரதேசி என்றால் சண்டை வரும். ஆனால் அந்தச் சொல் பிறந்தபோது அதில் எந்த இழிவும் இல்லை. பரதேசத்தைச் சேர்ந்தவன், வேற்று நாட்டான், அவ்வளவுதான். கொச்சி மட்டாஞ்சேரியில் 1568இல் கட்டப்பட்ட யூதர்களின் தொழுகைக்கூடத்தை இன்றும் பரதேசி தொழுகைக்கூடம் என்றே சொல்கிறார்கள். வெளிநாடுகளிலிருந்து வந்து குடியேறிய யூதர்களுடையது என்பதால் வந்த பெயர் அது. யாரும் அதை வசையாக எடுத்துக்கொள்வதில்லை. பிறகு ஊர் ஊராக யாத்திரை போகும் துறவியைப் பரதேசி என்றார்கள். அந்தத் துறவி கையேந்தி உண்பவர் என்பதால் சொல் பிச்சைக்காரனைக் குறித்தது. அங்கிருந்து வசைக்கு இறங்கியது.

லத்தீன் மொழியிலும் இதே பாதையில் ஒரு சொல் நடந்திருக்கிறது. ‘அகெர்’ என்றால் வயல், நிலம். நாம் நிலம் அளக்கச் சொல்லும் ‘ஏக்கர்’ அதற்கு உறவுச் சொல். ‘பெர்’ என்றால் கடந்து, தாண்டி. ஊர் நிலத்தைத் தாண்டி வெளியே இருப்பது ‘பெரெக்ரே’. அப்படி இருப்பவன் ‘பெரெக்ரினுஸ்’. ரோமானியச் சட்டத்தில் இது அன்றாடச் சொல். அடிமையும் அல்ல, ரோமானியக் குடியுரிமை பெற்றவனும் அல்ல, அப்படிப்பட்ட மனிதன் பெரெக்ரினுஸ். அயலார் சம்பந்தப்பட்ட வழக்குகளுக்கென்றே தனி நீதி அதிகாரி இருந்தார். கி.பி. 212இல் பேரரசர் கரகல்லா ஏறக்குறைய எல்லாச் சுதந்திர மனிதருக்கும் குடியுரிமை கொடுத்த பிறகு சட்டத்தில் அந்தச் சொல்லுக்கு வேலை குறைந்தது. மதத்தில் அதற்கு வேலை கூடியது. புண்ணியத் தலம் தேடி ஊரைவிட்டுப் புறப்பட்டவன் பெரெக்ரினுஸ் ஆனான்.

பேச்சில் இரண்டு ‘ர’ அடுத்தடுத்து வருவது நாவுக்குச் சிரமம். அதனால் முதல் ‘ர’ மெல்ல ‘ல’ ஆயிற்று. பெரெக்ரினுஸ் ‘பெலெக்ரினுஸ்’ ஆகி, இத்தாலியில் ‘பெல்லெக்ரினோ’ ஆகி, பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்து ‘பில்கிரிம்’ ஆயிற்று. யாத்திரிகனைக் குறிக்கும் அந்தப் பில்கிரிமும் உங்கள் பேரனுக்குத் தேர்ந்திருக்கும் பெரிக்ரினும் ஒரே வயிற்றுப் பிள்ளைகள். ஒருவன் மக்கள் வாயில் புழங்கி உருமாறினான். மற்றவன் லத்தீன் ஏட்டிலிருந்து முகம் மாறாமல் நேரே வந்தான்.

உங்கள் ஊரில் சிறு வயது முதலே காதில் விழுந்த வசனம் ஒன்றை நினைவுபடுத்துகிறேன். பேதுரு முதலாம் நிருபத்தில், ‘அந்நியர்களும் பரதேசிகளுமாயிருக்கிற நீங்கள்’ என்று வருகிறதல்லவா? லத்தீன் வேதாகமத்தில் அந்தப் ‘பரதேசிகள்’ நிற்கும் இடத்தில் நிற்பது இந்த ‘பெரெக்ரினுஸ்’தான். மொழிபெயர்த்தவர்கள் அந்தச் சொல்லைத் தேர்ந்தபோது தமிழில் அதற்கு மதிப்பு இருந்தது. இன்றும் ஆராதனையில் அதைக் கேட்கும் யாருக்கும் முகம் சுளிப்பதில்லை. வெளியே வந்ததும்தான் அதே சொல் வசையாகிவிடுகிறது.

இனி உறவினர் சொன்னதற்கு வருகிறேன். பிரபு வீட்டுப் பெயர் என்று அவர் சொன்னதில் உண்மை உண்டு. ஆனால் அந்த வீட்டுக்குள் அது எப்படி நுழைந்தது என்று தெரிந்தால் அவரே வேறுவிதமாகப் பேசுவார். எனக்கு இந்தப் பெயரின் மேல் பிடிப்பு வந்ததே அந்தக் கதையால்தான்.

காதரின் வில்லபி என்பவர் சஃபோக் கோமகள். கணவர் சார்ல்ஸ் பிராண்டன் 1545இல் இறந்துவிட்டார். இரண்டு மகன்கள் கேம்பிரிட்ஜில் படித்துக்கொண்டிருந்தார்கள். 1551 ஜூலையில் வியர்வைக் காய்ச்சல் என்ற கொள்ளைநோய் பரவியது. இரண்டு பிள்ளைகளும் ஒரே நாளில், ஒரு மணி நேர இடைவெளிக்குள் இறந்தார்கள். அதற்குப் பிறகு காதரின் தன் வீட்டில் பணிசெய்த ரிச்சர்ட் பெர்ட்டி என்பவரை மணந்துகொண்டார்; ஒரு பெண் குழந்தை பிறந்தது. 1553இல் மேரி அரசியானதும் நாடு மறுபடியும் கத்தோலிக்கத்துக்குத் திரும்பியது. காதரின் சீர்திருத்தக் கிறிஸ்தவத்தில் ஊன்றி நின்றவர். இனி இங்கே இருந்தால் உயிருக்கு உறுதி இல்லை என்று கணவர் முதலில் கடல் தாண்டினார்.

1555 புத்தாண்டு நாள். விடிவதற்கு முன், நாலு மணிக்கும் ஐந்து மணிக்கும் இடையில், லண்டன் வீட்டிலிருந்து காதரின் குழந்தையைத் தூக்கிக்கொண்டு ஒரு சில வேலையாட்களோடு வெளியேறினார். அந்தத் தலைமுறையிலேயே எழுதிவைக்கப்பட்ட வரலாறு ஒரு சின்ன விஷயத்தைச் சொல்கிறது. சத்தம் கேட்டு வீட்டுக் காவலாள் பந்தத்தோடு வந்துவிட்டான். குழந்தைக்கு வேண்டியவற்றைக் கட்டிய மூட்டையும் பால் குவளையும் வாயிலிலேயே கிடக்க, எடுக்க நேரமின்றி அப்படியே விட்டுவிட்டு இருட்டில் மறைந்தார்கள். கோமகள் பட்டமும் லண்டன் மாளிகையும் போனதைவிட அந்தப் பால் குவளை போனதைத்தான் என்னால் மறக்க முடிவதில்லை.

கடல் கடந்து, கணவரோடு சேர்ந்து, ஜெர்மனியில் ரைன் ஆற்றங்கரையில் இருக்கும் வேசல் என்ற ஊரை நோக்கி நடந்தார்கள். பிப்ரவரி மாதம், நீண்ட உறைபனிக்குப் பிறகு மழை. குழந்தை அழுகிறது. ஊருக்குள் எந்த விடுதியும் இடம் தரவில்லை. கூலிப் படைவீரன் ஒருவன் கூடவே ஒரு பெண்ணை இழுத்துக்கொண்டு வந்திருக்கிறான் என்று எண்ணிக் கதவைச் சாத்தினார்கள். தேவாலயத்தின் முகப்பு மண்டபத்தில் ஒதுங்கினார்கள். பெர்ட்டிக்கு ஜெர்மன் சரியாகத் தெரியாது. பள்ளிக்கூடத்துப் பையன்கள் இருவர் லத்தீனில் பேசிக்கொண்டு போவது காதில் விழ, அவர்களிடம் லத்தீனிலேயே வழி கேட்டு, தங்களுக்கு உதவக்கூடியவரின் வீட்டைக் கண்டுபிடித்தார்.

அந்த ஊரில்தான் 1555 அக்டோபர் 12 அன்று மகன் பிறந்தான். அந்தத் தேவாலய வாசலிலேயே பிறந்தான் என்றும் ஒரு கதை உலவுகிறது. அது பிற்காலக் கற்பனை. வாசலில் ஒதுங்கியது பிப்ரவரியில், பிள்ளை பிறந்தது அக்டோபரில். அவனுக்குப் பெரெக்ரினுஸ் என்று ஞானஸ்நானம் கொடுத்தார்கள். அதற்குச் சொன்ன காரணம் இது: பரதேசத்தில், நாடிழந்து வாழும் பெற்றோருக்கு ஆறுதலாக ஆண்டவர் தந்த பிள்ளை. இரண்டு மகன்களை ஒரே நாளில் பறிகொடுத்த தாய், 36 வயதில், சொந்த நாட்டில் கால்வைக்க முடியாத நிலையில் பெற்ற பிள்ளைக்கு இட்ட பெயர் அது. நாங்கள் இப்போது பரதேசிகள் என்பதை மூடி மறைக்காமல் பிள்ளையின் பெயராகவே வைத்துவிட்டார்கள். கொடுத்த கைக்கு நன்றியும் அதே பெயரில் அடங்கிவிட்டது.

1559இல், எலிசபெத் அரசியான பிறகு, குடும்பம் ஊர் திரும்பியது. பையனுக்கு அப்போது நாலு வயதுகூட நிறையவில்லை. வெளிநாட்டில் பிறந்தவன் என்பதால் அவனை இங்கிலாந்துக்காரனாக ஏற்றுக்கொள்ள அரசாணை வாங்க வேண்டியிருந்தது. அவனே பிற்பாடு வில்லபி பிரபுவாகி, டென்மார்க் மன்னருக்கு எலிசபெத்தின் தூதனாகப் போனான். 1587இல் நெதர்லாந்தில் ஆங்கிலப் படைக்குத் தலைவன் ஆனான். 1601இல் இறந்தான். அவன் வழிவந்தவர்கள் பின்னாளில் ஆன்காஸ்டர் கோமகன்கள் ஆனார்கள். பெரிக்ரின் என்ற பெயர் அந்தக் குடும்பத்தில் தலைமுறை தலைமுறையாகச் சுற்றி வந்தது. பிரபுக்களின் பெயர் ஆனது இப்படித்தான். தொடங்கியது அகதித் தாயின் மடியில்.

வேசலில் அந்தப் பிள்ளை பிறந்து 65 ஆண்டுகளுக்குப் பிறகு இன்னொரு பெரிக்ரின். 1620 நவம்பர். மேஃப்ளவர் கப்பல் 102 பயணிகளோடு அட்லாண்டிக்கைக் கடந்து, அமெரிக்காவின் கேப் காட் முனையில், இன்று பிராவின்ஸ்டவுன் என்று சொல்லும் துறைமுகத்தில் நங்கூரம் போட்டு நின்றது. எங்கே குடியேறுவது என்று ஆண்கள் கரையில் இடம் தேடிக்கொண்டிருந்த நாட்களில், கப்பலிலேயே சூசன்னா ஒயிட் என்ற பெண்ணுக்கு ஒரு மகன் பிறந்தான். பெரிக்ரின் என்று பெயரிட்டார்கள். அவனுடைய அண்ணன் பெயர் ‘ரிசால்வ்ட்’, அதாவது உறுதிபூண்டவன். மூத்தவன் உறுதிபூண்டவன், இளையவன் பரதேசி. அந்தத் தம்பதியின் வாழ்க்கையை இந்த இரண்டு பெயர்களே சொல்லிவிடுகின்றன.

அந்தக் குளிர்காலத்தில் பயணிகளில் ஏறக்குறையப் பாதிப்பேர் இறந்தார்கள். குழந்தையின் தகப்பன் வில்லியம் ஒயிட் பிப்ரவரியில் போய்விட்டார். மனைவியை இழந்த எட்வர்ட் வின்ஸ்லோ என்பவரை மே மாதத்தில் சூசன்னா மணந்தார். அந்தக் குடியேற்றத்தில் நடந்த முதல் திருமணம் அதுதான். கைக்குழந்தை பிழைத்துக்கொண்டான். 83 வயது வரை வாழ்ந்து, பேரன் பேத்தி எடுத்து, 1704இல் மார்ஷ்ஃபீல்டு என்ற ஊரில் கண்ணை மூடினான். பிளிமத் ஊர் அருங்காட்சியகத்தில் ஒரு பிரம்புத் தொட்டில் இருக்கிறது. அவனுக்காகத் தாய் தகப்பன் கப்பலில் கொண்டுவந்தது என்று வழிவழியாகச் சொல்கிறார்கள். தலைப்பக்கம் கூரைபோல் வளைத்துப் பின்னிய, நம் வீட்டுப் பிரம்புக் கூடையைப் போன்ற எளிய பொருள்.

மேஃப்ளவரில் வந்தவர்களைப் ‘பில்கிரிம்’ என்று உலகம் அழைப்பதற்கும் வேதாகமம்தான் காரணம். ‘பூமியின்மேல் தங்களை அந்நியரும் பரதேசிகளும் என்று அறிக்கையிட்டு’ என்ற எபிரெயர் நிருபத்து வரியை நினைத்தே, அவர்களின் ஆளுநராயிருந்த வில்லியம் பிராட்ஃபோர்டு, தாங்கள் பரதேசிகள் என்று அவர்கள் அறிந்திருந்தார்கள் என்று எழுதினார். அந்த மக்களுக்கு அது பெருமை. குழந்தைக்கு வைத்த பெயரும் அந்தப் பெருமையின் துண்டுதான்.

இதற்கெல்லாம் முன்பே அயர்லாந்துத் துறவிகள் ஊரைத் துறப்பதையே தவமாகக் கொண்டிருந்தார்கள். ஆங்கிலோ சாக்சன் ஆண்டுக்குறிப்பில் 891ஆம் ஆண்டுக்கு உரிய இடத்தில் ஒரு செய்தி: அயர்லாந்திலிருந்து மூன்று பேர் துடுப்பே இல்லாத படகில் ஆல்ஃபிரட் மன்னரிடம் வந்தார்கள். இரண்டரைத் தோலால் செய்த படகு. ஏழு நாளுக்கான உணவு மட்டும் கையில். கடவுளின் அன்புக்காகப் பரதேசிகளாக இருக்க விரும்பினார்கள், எங்கே போய்ச் சேர்வோம் என்பதைப் பொருட்படுத்தவில்லை. துடுப்பை வேண்டுமென்றே விட்டுவிட்டு வந்த அந்த மூவரையும் இந்தப் பெயரின் முன்னோர்களாகவே நான் எண்ணுகிறேன். கத்தோலிக்கர்களுக்கு இந்தப் பெயரில் ஒரு புனிதரும் உண்டு: இத்தாலியின் ஃபோர்லி நகரத்துப் பெரிக்ரின் லாசியோசி, 1726இல் புனிதர் பட்டம் பெற்றவர். புற்றுநோயாளிகள் அவரை வேண்டிக்கொள்வார்கள்.

உங்கள் மருமகன் நாரிச்காரர் என்றதுமே எனக்கு வேறொன்று தோன்றியது. அங்கே சில ஆண்டுகள் வாழ்ந்தவர் யாரானாலும் இந்தப் பெயரைக் கேட்டால் முதலில் நினைப்பது ஒரு பறவையைத்தான். பெரிக்ரின் ஃபால்கன், தமிழில் பொரி வல்லூறு. நாரிச் பேராலயத்தின் கூம்புக் கோபுரம் 96 மீட்டர் உயரம். அதில் 2011இல் வல்லூறுகளுக்காக ஒரு மேடை கட்டிவைத்தார்கள். அடுத்த ஆண்டே குஞ்சு பொரித்தன. வசந்த காலத்தில் கீழே புல்வெளியில் தொலைநோக்கியோடு ஆட்கள் நிற்பார்கள். சாம்பல் முதுகும் கறுத்த மீசை போன்ற கன்னக் கோடுமாக அந்தப் பறவை கல்லோடு கல்லாக உட்கார்ந்திருக்கும். புறா ஒன்று தாழப் பறந்ததும் இறக்கையை மடக்கிக்கொண்டு கல் விழுவதுபோல் விழும். அந்தப் பாய்ச்சலின் வேகம் மணிக்கு 300 கிலோமீட்டரைத் தாண்டும். உலகில் இதைவிட வேகமான உயிரினம் கிடையாது.

அந்தப் பறவைக்கு ஏன் பரதேசி என்று பெயர்? வேட்டைக்குப் பழக்குகிறவர்கள் மற்ற பருந்துகளின் குஞ்சுகளைக் கூட்டிலிருந்தே எடுத்துவிடுவார்கள். இது எட்டாத பாறைச் செங்குத்தில் கூடு கட்டும். அதனால் வலசை போகும் வழியில் பிடித்தார்கள். வழிப்போக்கனாகப் பிடிபட்டதால் பெரெக்ரினுஸ். இங்கிலாந்தில் அதற்கு நடந்ததும் ஒரு பரதேசியின் கதைதான். இரண்டாம் உலகப் போரில், செய்தி கொண்டுபோகும் புறாக்களைப் பிடித்துத் தின்கிறது என்று 1940இல் ஆணை போட்டுச் சுட்டார்கள். போர் முடிந்ததும் டி.டி.டி. போன்ற பூச்சிக்கொல்லிகள் வந்தன. முட்டை ஓடு மெலிந்து, அடைகாக்கும் தாயின் எடைக்கே நொறுங்கியது. 1960களின் தொடக்கத்தில் போருக்கு முன் இருந்ததில் பாதிகூட மிஞ்சவில்லை. மருந்துகளைத் தடைசெய்த பிறகு மெல்ல மீண்டு, இப்போது நகரத்துக் கோபுரங்களிலேயே குடித்தனம் நடத்துகிறது.

நம் பக்கத்துக்கும் இதில் பங்கு உண்டு. மேற்குத் தொடர்ச்சி மலைப் பாறைகளிலும் இலங்கையின் சிகிரியா குன்றிலும் வாழும் ஷாஹீன் வல்லூறு இதே இனத்தின் ஒரு பிரிவு. 1837இல் சுவீடன் நாட்டு அறிஞர் சுந்தவால் அதற்கு ‘பெரெக்ரினாத்தோர்’, அதாவது அலைந்து திரிபவன், என்று பெயரிட்டார். இலங்கைக்கும் சுமத்ராவுக்கும் இடையில் நடுக்கடலில் கப்பலில் பிடிபட்ட இளம் பறவையைப் பார்த்து வைத்த பெயர். உண்மையில் ஷாஹீன் தன் மலையைவிட்டு அதிகம் நகராத பறவை. வழிதவறிய ஒரு குஞ்சால் முழு இனமும் நாடோடி என்று பெயர் வாங்கிக்கொண்டது.

பெயரின் இன்றைய நிலையையும் சொல்ல வேண்டும். இங்கிலாந்தில் இது அரிய பெயர். நூறு புகழ்பெற்ற ஆண் பெயர்களின் பட்டியலில் இதைத் தேடினால் கிடைக்காது. கேட்டவுடன் பலருக்குப் பெரிய இடத்துப் பிள்ளை என்றுதான் தோன்றும். இன்றைய டெவன்ஷயர் கோமகனின் பெயர் பெரிக்ரின் கேவண்டிஷ். 2020இல் காலமான பத்திரிகையாசிரியர் பெரிக்ரின் வொர்ஸ்தோர்னும் அந்த வட்டத்தைச் சேர்ந்தவராகவே அறியப்பட்டார். ஆனால் அவருடைய தகப்பனார் பெல்ஜியக் குடும்பத்து வங்கியாளர். அயல்நாட்டுக் குடும்பப் பெயரை விட்டுவிட்டு லங்காஷயரில் ஒரு கிராமத்தின் பெயரைக் குடும்பப் பெயராக எடுத்துக்கொண்டார்கள். ஊர்க்காரராகத் தெரிவதற்காகக் குடும்பப் பெயரை மாற்றிய வீட்டில் மகனின் முதற்பெயர் ‘அயலான்’ என்று இருந்தது எனக்கு மிகவும் பிடித்த தற்செயல். இளைய தலைமுறைக்கு வேறு வாசலும் திறந்திருக்கிறது: ஆங்கில எழுத்தாளர் டோல்கீனின் கதையில் வரும் பிப்பின் என்ற குட்டி மனிதனின் முழுப்பெயர் பெரிக்ரின். மருமகனுக்கு ஆசை அங்கிருந்து வந்ததா, கோபுரத்துப் பறவையிலிருந்து வந்ததா என்று கேட்டுப் பாருங்கள்.

என் அபிப்பிராயம் கேட்டால், வையுங்கள் என்றே சொல்வேன். பள்ளியில் முதல் நாள் எழுத்துக்கூட்டிச் சொல்ல வேண்டியிருக்கும். பணக்காரப் பையன் என்று நினைத்துச் சில பிள்ளைகள் விலகவும் செய்யலாம். அது உண்மையான சிரமம், மகளிடம் மறைக்க வேண்டாம். ஆனால் ஒரு பக்கம் பாளையங்கோட்டையும் மறுபக்கம் நாரிச்சும் சொந்தமாக உள்ள பிள்ளைக்கு, இரண்டு ஊரிலும் ஒரு நாள் இல்லாவிட்டால் ஒரு நாள் ‘நீ எந்த ஊர்?’ என்ற கேள்வி வரும். அப்போது வேசலில் பிறந்தவனையும் கப்பலில் பிறந்தவனையும் அவனுக்குச் சொல்லலாம். ஆலயத்தில் நீங்கள் கேட்ட வசனத்தையும் சொல்லலாம். வேறு எந்த ஆங்கிலப் பெயரும் அவனுக்கு இவ்வளவு பொருந்தும் என்று எனக்குத் தோன்றவில்லை.

கூப்பிடும் விதம் எளிது. அழுத்தம் முதல் எழுத்தில்: ‘பெ’யை ஊன்றிச் சொல்லி, மீதியை விரைவாக விட்டுவிட வேண்டும். நடுவில் வரும் ‘க்’ கங்கையின் இரண்டாவது ககரம்போல் மெலிந்து ஒலிக்கும். ‘பெரிகிரின்’ என்று ஒரு இகரத்தைச் சேர்த்துச் சொன்னாலும் யாரும் குறை சொல்ல மாட்டார்கள். நம் நாக்குக்கு அதுதான் வாகு. ஆங்கிலேயர்கள் வீட்டில் சுருக்கிச் சொல்வது ‘பெரி’. அந்த ஒலி நம் ‘பெரிய’ என்ற சொல்லின் தொடக்கத்தோடு ஏறக்குறைய ஒத்துப்போகும். இரண்டு சொல்லுக்கும் வேரில் எந்த உறவும் இல்லை. இருந்தாலும் பாட்டி தொலைபேசியில் “பெரியவனே” என்று அழைத்தால், அங்கே அந்தப் பிள்ளை தன்னைத்தான் கூப்பிடுகிறார்கள் என்று திரும்பிப் பார்ப்பான்.